வெள்ளிக் காசும் விளையாட்டுக் களமும்: கல்கத்தா ரக்பிக் கழகத்தின் கலைப்பும் பாலிகஞ்ச் வாழ்வும்

ஆய்வுச் சுருக்கம்

1873இல் தோன்றிய கல்கத்தா கால்பந்துக் கழகம் ஐந்தாண்டுகள்கூட நிறைவு செய்யாமல் தன்னைக் கலைத்துக்கொண்டது. அதன் இருப்புப் பணம் உருக்கப்பட்டுக் கோப்பையானது. அக்கோப்பை இங்கிலாந்துக்கும் ஸ்காட்லாந்துக்கும் இடையிலான பரிசாக இன்றும் வழங்குகிறது. கழகத்தின் பிற்கால வாழ்வோ கல்கத்தாவின் தென்புறநகரான பாலிகஞ்சில் வேறொரு வடிவில் தொடர்ந்தது. ஒரு விளையாட்டுக் கழகம் எவற்றால் நிலைபெறுகிறது, எவற்றால் மறைகிறது என்பதை இவ்வரலாற்றின்வழி இக்கட்டுரை விளக்குகிறது. அதே காலத் தென்னார்க்காட்டுச் சூழலும் இன்றைய விழுப்புரம், திண்டிவனம் வட்டாரக் கபடிக் குழுக்களின் நிலையும் ஒப்புநோக்கப்படுகின்றன.

திறவுச்சொற்கள்: ரக்பி, கழகம், கல்கத்தாக் கோப்பை, பாலிகஞ்ச், தாது வருடப் பஞ்சம், கபடி, தென்னார்க்காடு.

முன்னுரை

தமிழில் விளையாட்டு குறித்த ஆய்வுகள் பெரும்பாலும் இரு திசைகளில் செல்கின்றன. சங்க இலக்கியம் முதல் சிற்றிலக்கியம் வரையிலான விளையாட்டுகளைத் தொகுத்துரைப்பது ஒன்று. நாட்டுப்புற விளையாட்டுகளை வகைப்படுத்துவது மற்றொன்று. விளையாட்டை நடத்தும் அமைப்பு, அதன் வரவு செலவு, அதன் நிலவுரிமை, அதில் சேரத் தகுதி உடையோர் யார் என்னும் வினாக்கள் அரிதாகவே எழுப்பப்படுகின்றன. விளையாட்டைச் சமூக வரலாற்றின் சான்றாகக் கொள்ள விழைவோர்க்கு விதிமுறைகளைவிட இவ்வினாக்களே பயன்தருவன. இந்தியாவில் இவற்றுக்குத் தெளிவான விடை தரும் பழைய சான்றுகளுள் ஒன்று கல்கத்தாவின் ரக்பிக் கழகம்.

ரக்பி ஆட்டத்தின் அடிப்படையை அறியாதார்க்குச் சில சொற்கள். பதினைவர் கொண்ட இரு அணிகள் முட்டை வடிவப் பந்தைக் கையில் ஏந்தி ஓடி, எதிரணியின் எல்லைக்கோட்டுக்கு அப்பால் தரையில் பதிக்க முயலும். பந்தைக் கையால் முன்னோக்கி வீசுதல் கூடாது. பக்கவாட்டிலோ பின்னோக்கியோதான் வழங்கலாம். பந்து வைத்திருப்பவரை உடலோடு பிடித்து வீழ்த்தலாம். பந்தைத் தரையில் பதிப்பது தொடக்கத்தில் புள்ளி எதனையும் தரவில்லை. கம்பங்களுக்கிடையே பந்தை உதைக்க முயலும் வாய்ப்பை மட்டுமே தந்தது. ஆங்கிலத்தில் அச்செயலுக்கு ‘முயற்சி’ என்னும் பொருளுடைய பெயர் வாய்த்தது இதனாலேயே. 1992 முதல் அதற்கு ஐந்து புள்ளிகள். பெயரில் மட்டும் பழைய விதி தங்கிவிட்டது.

கழகம் என்னும் சொல்

சொல்லாய்வு ஒன்று இங்கு இடையில் வருவது பொருந்தும். திருக்குறளின் ‘சூது’ அதிகாரத்தில் ‘கழகம்’ என்பது சூதாடும் இடத்தைக் குறிக்கிறது. கம்பராமாயணத்தில் அதே சொல் கலை பயிலும் இடத்துக்கு வழங்குகிறது. இருபதாம் நூற்றாண்டில் நூற்பதிப்பு நிறுவனம், அரசியல் இயக்கம், பல்கலைக்கழகம் எனப் பலவற்றுக்கும் அது விரிந்தது. ஆங்கிலேயரின் ‘கிளப்’ என்பதற்கு இணையாக விளையாட்டு அமைப்புகளுக்கும் வந்து சேர்ந்தது. ஆடுமிடம் என்ற பொருளில் தொடங்கிய சொல் ஆடுவோரின் கூட்டமைப்பு என்ற பொருளுக்கு நகர்ந்தது எனலாம். இடம், ஆள் ஆகிய இரண்டில் எது கழகம் என்பது வெறும் சொல்விளையாட்டு அன்று. கல்கத்தாக் கழகத்தின் வாழ்வும் சாவும் இவ்வினாவைச் சுற்றியே அமைந்தன.

தோற்றமும் கலைப்பும்

1872ஆம் ஆண்டு கிறிஸ்துமஸ் நாளில் கல்கத்தாவில் ரக்பிப் போட்டி ஒன்று நடைபெற்றது. ஒருபுறம் இங்கிலாந்தைச் சேர்ந்த இருபதின்மர். மறுபுறம் ஸ்காட்லாந்து, அயர்லாந்து, வேல்ஸ் ஆகிய நாடுகளைச் சேர்ந்த இருபதின்மர். அணிக்கு இருபதின்மர் என்பதே அக்கால வழக்கு. இங்கிலாந்தும் ஸ்காட்லாந்தும் எடின்பரோவில் முதன்முதலாக மோதியது 1871 மார்ச் 27 அன்று. அதற்குப் பின் இருபத்தொரு மாதங்களுக்குள் அப்போட்டியின் சாயல் கல்கத்தாவில் தோன்றிவிட்டது. ஒரு வாரத்துக்குப் பின் மீண்டும் ஆடினர். 1873 ஜனவரியில் கல்கத்தா கால்பந்துக் கழகம் உருவாயிற்று. 1874இல் அது இங்கிலாந்தின் ரக்பி கால்பந்து ஒன்றியத்தில் உறுப்பாயிற்று.

பெயரில் ‘கால்பந்து’ என்றிருப்பது மயக்கம் தரலாம். அக்காலத்தில் ரக்பியும் கால்பந்தின் ஒரு வகையாகவே கருதப்பட்டது. ஆகவே பழைய ஆவணங்களில் கால்பந்து என்னும் சொல் வரும்போது எவ்வகை ஆட்டம் என உறுதிசெய்யாமல் முடிவுகட்டுதல் தவறான கணிப்புக்கு இட்டுச்செல்லும்.

கழகத்தின் வீழ்ச்சிக்குப் பொதுவாகச் சொல்லப்படும் காரணங்கள் சில. கல்கத்தாவில் இருந்த பிரித்தானியப் படைப்பிரிவு ஒன்று இடம்பெயர்ந்தது, ஆட்டக்காரர் குறைந்தனர். உறுப்பினர்க்கு இலவசமாக மது வழங்கும் வசதி நிறுத்தப்பட்டது, உறுப்பினரும் குறைந்தனர். வங்காளத்தின் வெப்பத்துக்கு டென்னிசும் போலோவும் ஏற்றவையாகத் தோன்றின. இவற்றுள் இலவச மதுக் கதையே எழுதுவோரால் சுவைபட மீண்டும் மீண்டும் கூறப்படுகிறது. ஆனால் படைப்பிரிவின் இடமாற்றமே ஆழமான காரணம் எனக் கொள்வது தகும். அக்கழகத்தில் ஆடியோர் படைவீரர், வணிக நிறுவன அலுவலர், அரசு அலுவலர் எனக் கப்பலில் வந்து சில ஆண்டுகளில் கப்பலில் திரும்பியவர்கள். அடுத்த தலைமுறை அந்நகரிலேயே பிறந்து வளர்ந்து அக்கழகத்தில் சேரும் என்னும் நிலை இல்லை. உள்ளூர் மக்களுக்கு அதில் இடமும் இல்லை. புதிய வருகை நின்றால் கழகமும் நிற்கும்.

1877 டிசம்பரில் கழகத்தின் தலைவர், செயலாளர், பொருளாளர் ஆகிய மூன்று பொறுப்புகளையும் ஒருங்கே வகித்த ஜி. ஏ. ஜேம்ஸ் ரோத்னி, ரக்பி கால்பந்து ஒன்றியத்துக்கு மடல் எழுதினார். மூன்று பொறுப்பும் ஒருவரிடம் சேர்ந்திருந்தமையே கழகம் எவ்வளவு மெலிந்திருந்தது என்பதைக் காட்டப் போதுமானது. இவர் இந்திய எறும்புகளையும் குளவிகளையும் சேகரித்து ஆராய்ந்த பூச்சியியலாளரும் ஆவார். வங்கியில் எஞ்சியிருந்த பணத்தைக் கொண்டு கோப்பை செய்து ஒன்றியத்துக்கு அளிப்பது என்பது அவர் முன்வைத்த வழி.

இருநூற்றெழுபது வெள்ளி

கணக்கு முடிக்கப்பட்டுப் பணம் வெள்ளி ரூபாய்களாக எடுக்கப்பட்டது. 270 காசுகள் உருக்கப்பட்டு இந்தியக் கைவினைஞரால் கோப்பையாக வடிக்கப்பட்டன என்பது மரபாக வழங்கும் செய்தி. அன்றைய ரூபாய்க் காசின் எடை 180 கிரெயின், அதாவது சற்றேறக்குறைய 11.66 கிராம், அதில் பன்னிரண்டில் பதினொரு பங்கு வெள்ளி. எனவே 270 காசுகளின் எடை ஏறத்தாழ 3.15 கிலோகிராம். கோப்பையின் உயரம் ஏறத்தாழ 18 அங்குலம். கைப்பிடிகளாகப் படமெடுத்த நாகங்கள் மூன்று. மூடியின் உச்சியில் யானை. ஆங்கிலேயர் விளையாட்டுக்கு இந்தியப் பொற்கொல்லர் மரபு தந்த உருவம் இது. அதை வடித்தவர் பெயர் கோப்பையோடு பயணிக்கவில்லை.

1877 என்னும் ஆண்டைத் தமிழகத்து ஆய்வாளர் எளிதில் கடந்துபோக இயலாது. 1876 முதல் 1878 வரை சென்னை மாகாணத்தை வாட்டிய தாது வருடப் பஞ்சத்தின் நடு ஆண்டு அது. பெல்லாரி, கர்நூல், கடப்பை, சேலம் ஆகிய மாவட்டங்களில் கொடுமை உச்சத்தில் இருந்தது. இன்றைய விழுப்புரம், திண்டிவனம் வட்டங்களை உள்ளடக்கியிருந்த தென்னார்க்காடும் பஞ்சம் பரவிய மாகாணத்தின் பகுதியே. 1877 தொடக்கத்தில் ரிச்சர்ட் டெம்பிள் வகுத்த நிவாரணக் கூலியின்படி, கல்லுடைத்தும் மண் சுமந்தும் வேலை செய்யும் வளர்ந்த ஆணுக்கு நாளொன்றுக்கு ஒரு பவுண்டு தானியமும் ஓர் அணாக் காசும். ரூபாய்க்குப் பதினாறு அணா எனக் கொண்டால் 270 ரூபாய் என்பது 4,320 அணா. அக்கோப்பையின் வெள்ளி, பஞ்ச நிவாரண வேலையில் 4,320 ஆள்நாள்களின் காசுக்கூலிக்குச் சமம்.

இவ்வொப்பீட்டைக் கல்கத்தாக் கழகத்தின் மீதான குற்றச்சாட்டாகக் கொள்ளத் தேவையில்லை. பஞ்சத்தின் பொறுப்பு ஒரு விளையாட்டுக் கழகத்தின் தலையில் ஏறுவதன்று. அது ஆட்சிக் கொள்கையைச் சார்ந்தது. ஆயினும் விளையாட்டு வரலாற்று நூல்கள் 270 ரூபாயைச் ‘சிறு தொகை’ என்னும் தொனியிலேயே கடந்துசெல்கின்றன. எவர்க்குச் சிறியது என்னும் வினா அந்நூல்களில் எழுவதில்லை. ஒரே பேரரசின் ஒரே காசு, கல்கத்தாவில் எஞ்சிய சந்தாவாகவும் தென்னகத்தில் உயிரைப் பிடித்துவைக்கும் கூலியாகவும் இருந்தது என்பதைப் பதிவுசெய்வது வரலாற்றுக்கு உரிய பணி.

கோப்பை சென்ற வழி

இங்கிலாந்தில் 1871–72 முதல் கால்பந்துச் சங்கத்தின் கோப்பைக்குக் கழகங்கள் போட்டியிட்டுவந்தன. தம் கோப்பையும் அவ்வாறே கழகங்களுக்கிடையிலான ஆண்டுப் போட்டிக்குப் பயன்படவேண்டும் என்பது கல்கத்தாவினரின் விருப்பம். ஒன்றியம் கோப்பையை ஏற்றது, விருப்பத்தை ஏற்கவில்லை. பரிசுக்காக ஆடினால் பணம் நுழையும், பணம் நுழைந்தால் கனவான்களின் ஆட்டம் கெடும் என்னும் அச்சம் அதன் பின்னிருந்தது. ஆகவே அது இங்கிலாந்து, ஸ்காட்லாந்து நாட்டணிகளின் ஆண்டுப் போட்டிக்கு உரியதாயிற்று. 1879 மார்ச் 10 அன்று எடின்பரோவின் ரேபர்ன் பிளேசில் நடந்த முதற்போட்டி வெற்றி தோல்வியின்றி முடிந்தது. அடுத்த ஆண்டு இங்கிலாந்து வென்றது.

அஞ்சியது தடைபடவுமில்லை. ஆட்டத்துக்காக வேலையை விட்டுவரும் தொழிலாளர்க்கு இழந்த கூலியை ஈடுசெய்வது குறித்த பூசலில், 1895 ஆகஸ்டு 29 அன்று வட இங்கிலாந்துக் கழகங்கள் ஹடர்ஸ்ஃபீல்டில் கூடிப் பிரிந்தன. ரக்பி இரண்டானது. பழைய ஒன்றியத்தின் வழிவந்தது ‘ரக்பி யூனியன்’. பிரிந்தோர் வழிவந்தது ‘ரக்பி லீக்’. நாட்கூலிக்காரன் ஆடலாமா என்னும் வினா இங்கிலாந்திலேயே ஓர் ஆட்டத்தைப் பிளந்திருக்கிறது.

கல்கத்தாவில் 1884இல் கழகம் மீண்டும் அமைக்கப்பட்டது. 1890 முதல் உள்ளூரில் ரக்பிக் கோப்பைப் போட்டியும் நடந்தது. இம்முறை அது சங்கக் கால்பந்தையும் ஏற்றுக்கொண்டு அதிலும் வலிமை பெற்றது. 1922, 1923, 1924 ஆகிய மூன்றாண்டுகளும் தொடர்ந்து ஐ.எஃப்.ஏ. கேடயத்தை வென்றது. அதற்கு முன்பே, 1911 ஜூலை 29 அன்று மோகன் பகான் அணி ஈஸ்ட் யார்க்ஷயர் படைப்பிரிவை 2–1 என வென்று அக்கேடயத்தைக் கைப்பற்றியிருந்தது. கால்பந்தில் வங்காளிகள் நுழைந்து ஆட்டத்தைத் தமதாக்கிக்கொண்டனர். ரக்பியில் அவ்வாறு நிகழவில்லை. கால்பந்துக்கு ஒரு பந்தும் ஒரு வெளியும் போதும்; அது பள்ளி, பேட்டை, தெரு எனப் பரவியது. ரக்பியோ ஐரோப்பியர் கழகங்களின் வேலிக்குள்ளேயே ஆடப்பட்டது. கல்கத்தாவில் அவ்வேலிக்கு வெளியிலிருந்து ஆட்டக்காரர்களைத் தந்த அரிய நிறுவனங்களுள் ஒன்று 1821இல் நிறுவப்பட்ட ஆர்மீனியக் கல்லூரி. இருபதாம் நூற்றாண்டுக் கல்கத்தா ரக்பியில் ஆர்மீனிய மாணவரின் பங்கு பெரிது.

பாலிகஞ்ச்

கல்கத்தாவின் தெற்கே நகர எல்லைக்கு அப்பால் தோட்டவீடுகளோடு வளர்ந்த புறநகர் பாலிகஞ்ச். 1864இல் அங்கு ஒரு கிரிக்கெட் கழகம் அமைந்தது. நகருக்குள் அதனினும் பழைய கல்கத்தா கிரிக்கெட் கழகம் இருந்தது. 1792 பிப்ரவரியில் சென்னையில் வெளிவந்த ஆங்கில இதழ் ஒன்றின் குறிப்பே அதன் இருப்புக்குக் காட்டப்படும் முதற்சான்று. கல்கத்தாக் கழகத்தின் வயதுக்குச் சென்னை இதழ் சாட்சியாக நிற்பது சுவையான செய்தி.

விடுதலைக்குப் பின் ஐரோப்பியர் எண்ணிக்கை சுருங்கியது. கல்கத்தா கிரிக்கெட் கழகம் 1950இல் ஈடன் தோட்டத்தை விட்டுப் பாலிகஞ்சுக்குப் பெயர்ந்து அங்கிருந்த கழகத்தோடு இணைந்தது. 1965இல் கல்கத்தா கால்பந்துக் கழகமும் அதனோடு சேர்ந்தது. கல்கத்தா கிரிக்கெட், கால்பந்துக் கழகம் என்னும் இன்றைய அமைப்பு இவ்வாறு உருப்பெற்றது. கிரிக்கெட், ரக்பி, கால்பந்து என மூன்று ஆட்டங்கள் ஒரே புல்வெளியைப் பங்கிட்டுக்கொண்டன. 1872இல் குளிர்காலத்தில் தொடங்கிய ரக்பி, வங்காளத்தில் மழைக்கால ஆட்டமாக மாறியிருந்தது. நனைந்து இளகிய மண்ணில் வீழ்ந்தால் எலும்பு முறிவதில்லை. மழையில் கிரிக்கெட்டுக்கு இடமில்லை. மண்ணோ ரக்பிக்கு விடப்பட்டது.

1877க்கும் 1965க்கும் உள்ள வேறுபாடு இங்குத் தெளிவாகிறது. இரு காலத்திலும் உறுப்பினர் குறைந்தனர். முன்னதில் பணம் இருந்தது, ஆள் இல்லை, பணம் கோப்பையாயிற்று. பின்னதில் ஆள் குறைந்தாலும் கைவசம் ஒரு களம் இருந்தது. அக்களத்தைச் சுற்றி மூன்று கழகங்கள் ஒன்றாயின, இந்தியர் உறுப்பினராயினர். களம் ஆளை வருவிக்கும். கோப்பை அதைச் செய்யாது.

களமில்லாதோர் அணி திரண்டமைக்கும் அதே நகரில் சான்றுண்டு. 2004இல் தோன்றிய ‘ஜங்கிள் குரோஸ்’ அமைப்பு, எளிய குடும்பங்களின் சிறாரைக் கொண்டு படைத்துறைக்கு உரிமையான மைதானத்துப் பொதுவெளியில் ரக்பி பயிற்றுவித்தது. கட்டணம் கட்டும் உறுப்பினர் என்னும் கருத்தையே அது தலைகீழாக்கியது.

இலங்கையும் சென்னையும்

இலங்கையின் வரலாறு இதற்கு நேர்மாறானது. கொழும்பில் 1879இல் ஐரோப்பியர் கழகம் தோன்றியது. ஆயினும் 1891இல் கண்டியின் கிங்ஸ்வுட் கல்லூரியில் அதன் நிறுவனர் எல். ஈ. பிளேஸ் மாணவர்க்கு ரக்பியை அறிமுகப்படுத்தியதே திருப்பம். 1906இல் கிங்ஸ்வுட், டிரினிட்டி கல்லூரிகள் மோதின. பள்ளியில் ஆடியோர் வளர்ந்து 1922இல் தமக்கெனச் ‘சிலோனீஸ்’ என்னும் பெயருடனேயே கழகம் அமைத்தனர். ஐரோப்பியர் போனபின்னும் அங்கு ஆட்டம் போகவில்லை. மலையகத்தில் நிலை வேறு. ரதல்லை, டரவெல்லை மைதானங்களில் ஆடிய தோட்டத்துரைமார் கழகங்கள், 1972, 1975 ஆண்டுகளின் தோட்ட நாட்டுடைமைக்குப்பின் ஆளின்றி மெலிந்தன. அம்மைதானங்களைச் சுற்றி லயன் அறைகளில் தலைமுறைகளாக வாழ்ந்த தமிழ்த் தொழிலாளர் அக்கழகங்களின் வாரிசுகளாக எண்ணப்படவே இல்லை. கல்கத்தாவின் 1877 மலையகத்தில் நூறாண்டு கழித்து நிகழ்ந்தது எனலாம்.

சென்னையில் 1884இல் தோன்றிய ஜிம்கானா கழகம் ரக்பியின் முதன்மை இடமாக விளங்கியது. ஆட்டம் நகரைத் தாண்டித் தெற்கே வேர்விடவில்லை. 1870களின் இறுதியில் திண்டிவனம், விழுப்புரம் வழியே சென்ற இருப்புப்பாதை எத்தனையோ புதுமைகளைக் கொண்டுசேர்த்தது. முட்டைப் பந்து அவற்றுள் இல்லை. 2025இல் மும்பையில் நடந்த முதல் ரக்பி பிரீமியர் லீக்கைச் ‘சென்னை புல்ஸ்’ என்னும் அணி வென்றது. எல்லாப் போட்டிகளும் மும்பையிலேயே நிகழ்ந்தன. ஊர்ப்பெயர் இருக்கிறது, ஊர்க்களம் இல்லை. கழகம் என்னும் சொல்லின் மூன்றாம் பொருள் இப்படித் தொடங்குகிறதோ என்னும் ஐயம் இயல்பானது.

கபடிக் குழுக்களின் களமும் பதிவும்

உடலோடு உடல் மோதிப் பிடித்து வீழ்த்தும் ஆட்டம் தமிழகத்துக்குப் புதிதன்று. சடுகுடு என்றும் கபடி என்றும் வழங்கும் ஆட்டம் 1990இல் பெய்ஜிங் ஆசிய விளையாட்டுகளில் இடம்பெற்றது. விழுப்புரம், திண்டிவனம் வட்டாரச் சிற்றூர்களில் பொங்கலை ஒட்டியும் கோடையிலும் கபடிப் போட்டிகள் நடைபெறுகின்றன. அறுவடை முடிந்த வயல், ஏரிக்கரைத் திடல், பள்ளி மைதானம், கோயில் முன்வெளி ஆகியவையே களங்கள். கடைக்காரர், ஊர்ப் பெரியவர், வெளிநாட்டில் வேலைபார்க்கும் உறவினர் எனப் பலர் பரிசுத்தொகையும் கேடயமும் அளிக்கின்றனர். உறுப்பினர் சந்தா, செயற்குழு நிகழ்ச்சிக் குறிப்பேடு, தணிக்கைக் கணக்கு ஆகியவை பெரும்பாலும் இல்லை.

பொருள்நிலையில் கல்கத்தாக் கழகத்தோடு ஒப்பிட இயலாத இக்குழுக்கள் ஒரு கூறில் அதனை விஞ்சுகின்றன. அண்ணன் ஆடிய இடத்தில் தம்பி ஆடுகிறான். ஆள் வழங்கல் அறுவதில்லை. ஆனால் யார் எந்தத் திடலில் ஆடலாம், எந்தத் தெருவினர் எந்த அணியில் சேரலாம் என்பதைச் சாதியும் ஊர்-சேரிப் பிரிவும் வரையறுத்த இடங்கள் உண்டு. வேலி கல்கத்தாவில் மட்டும் இருந்ததன்று. திடல்கள் வீட்டுமனைகளாக மாறுவதும் நெடுஞ்சாலை விரிவுக்குள் போவதும் நிகழ்கின்றன. பொதுநிலமாகப் பதிவுபெறாத களம் மறையும்போது அங்கு ஆடிய குழுவும் சில ஆண்டுகளில் பெயரளவில் நின்றுவிடுகிறது.

ஆய்வு முறையியல் நோக்கில் இதில் ஓர் இடர் உள்ளது. கல்கத்தாக் கழகத்தின் வரலாற்றை எழுத மடல், கணக்கு, உறுப்பினர் பட்டியல், ஒரு வெள்ளிக் கோப்பை ஆகியவை உள்ளன. ஐந்தாண்டே வாழ்ந்த கழகம் நூற்றைம்பது ஆண்டுகளாகப் பேசப்படுகிறது. மூன்று தலைமுறை ஆடிய ஒரு சிற்றூர்க் கபடிக் குழுவுக்கு எஞ்சுபவை சுவரொட்டி, அழைப்பிதழ், பெயர் பொறித்த கேடயம், முன்னாள் ஆட்டக்காரர் நினைவு ஆகியவையே. பழைய தென்னார்க்காட்டிலிருந்து 1993இல் பிரிக்கப்பட்ட விழுப்புரம் மாவட்டத்துக்கென எழுதப்படும் வட்டார வரலாறுகள் கோயிலையும் கோட்டையையும் விரிவாகக் கூறுகின்றன. கேடயங்களின் பின்புறம் பொறிக்கப்பட்டுள்ள ஆண்டு, நன்கொடையாளர், இரண்டாம் பரிசு பெற்ற ஊர் ஆகியவற்றைப் படியெடுப்பதும், போட்டி நடந்த திடல்களை வருவாய்த்துறையின் புல எண்களோடு பொருத்திப் பட்டியலிடுவதும் முதற்பணிகளாக அமையலாம். கேடயங்கள் பெரும்பாலும் மரப்பலகையும் மெல்லிய உலோகத் தகடும் கொண்டவை; எழுத்து விரைவில் மங்கும். முதுமையெய்திய ஆட்டக்காரரின் வாய்மொழியைப் பதிவுசெய்வதற்கும் காலம் மிகுதியாக இல்லை.